காலம் உடைஞ்ச நாட்டுல அடங்கல் எழுதுறவன் என்ன எழுதுவான்?

பொருநைக்கரையான், கல்லிடைக்குறிச்சி

எல்லாருக்கும் வணக்கம். ஏழ்துறை நாடு என்று ஒரு மாயநாட்டுத் தொடர்கதை எழுதிக்கொண்டிருக்கிறேன். பாதிக்கு மேல் வந்தாச்சு. இப்போது ஒரு இடத்தில் முட்டி நிற்கிறேன். இந்தக் குழுவில் கல்வெட்டு தெரிந்தவர்களும் இருக்கிறீர்கள், கேம் ஆடுகிறவர்களும் இருக்கிறீர்கள், அதனால் இங்கே கேட்கிறேன்.

அந்த நாட்டில் காலம் என்பது ஒரு ஆறு. கண்ணால் பார்க்கலாம், இறங்கிக் குளிக்கலாம். மலையில் பிறந்து ஏழு துறைகளைத் தொட்டுக் கடலுக்குப் போகிறது. அந்தத் தண்ணீர் பாய்கிற ஊரில்தான் பொழுது நகரும். பாயாத ஊரில் விதை முளைக்காது, பிள்ளைக்குப் பல் விழாது, நோயாளிக்கு நோய் முற்றவும் செய்யாது, தீரவும் செய்யாது. பழைய ராஜாக்கள் ஆற்றின் குறுக்கே ஏழு அணை கட்டி, கால்வாய் வெட்டி, முறை வைத்து ஊர் ஊராகக் காலத்தைப் பங்கிட்டார்கள். தாமிரபரணியில் கோடைமேலழகியானில் தொடங்கி ஸ்ரீவைகுண்டம் வரைக்கும் எட்டு அணைக்கட்டைப் பார்த்து வளர்ந்தவனுக்கு வேறு எப்படித் தோன்றும்!

கதையின் நடுவில் ஐந்தாம் அணை உடைகிறது. ராஜா இறந்த அதே ராத்திரி. வாரிசு மூன்று பேர்: மூத்த மகள், இளைய மகன், ராஜாவின் தம்பி மகன். தலைமுறை தலைமுறையாகத் தேக்கி வைத்த காலம் முழுக்க ஒரே ராத்திரியில் கீழே இறங்குகிறது. அந்த வெள்ளத்துக்குள் மூன்று பேரும் போரில் ஜெயிக்கிறார்கள். மூன்று பேருக்கும் பட்டாபிஷேகம் நடக்கிறது. ஒவ்வொருவரும் மற்ற இரண்டு பேரைக் கொல்கிறார்கள். உடைப்பை அடைத்த பிறகு பார்த்தால் எல்லாமே நடந்திருக்கிறது. மூன்று பட்டாபிஷேகத்திலும் சாப்பிட்டவர்கள் உயிரோடு இருக்கிறார்கள். மூன்று பேருக்கும் சமாதி இருக்கிறது.

வாசகர்கள் கேட்கிறார்கள்: "இது கனவுதானே? யாராவது பின்னால போய் இதைச் சரி பண்ணிடுவாங்கதானே?" இரண்டும் கிடையாது. நடந்ததை யாரும் அழிக்க முடியாது. அதில் நான் உறுதியாக இருக்கிறேன்.

எனக்குத் தெரிய வேண்டியது இதுதான். அந்த உடைப்பு எத்தனை நாள் நீடித்தது என்று அந்த நாட்டு ஜனங்கள் எப்படிச் சொல்வார்கள்? அதற்குப் பிறகு வருசத்தை எதிலிருந்து எண்ணுவார்கள்? அரண்மனைக் காட்சிகள் எல்லாம் எழுதிவிட்டேன். ஆனால் படிக்கும்போது எனக்கே அந்தப் பயம் வரவில்லை. எங்கே குறைகிறது என்று சொல்லுங்கள்.

---

பாளை விளையாட்டுக்காரன்

அண்ணாச்சி, இதே சிக்கலை எல்டர் ஸ்க்ரோல்ஸ் கேம் வரிசையில் கையாண்டிருக்கிறார்கள். 1996-ல் வந்த டாகர்ஃபாலில் ஆடுகிறவர் எடுக்கும் முடிவைப் பொறுத்துக் கதையின் முடிவு மாறும். ஒரு ஆட்டத்தில் இந்த ராஜா ஜெயிப்பான், இன்னொன்றில் அந்த ராணி. அடுத்த கேம்களில் எது உண்மையான முடிவு என்று சொல்லியாக வேண்டுமே? எல்லாமே ஒரே சமயத்தில் நடந்தது, அப்போது காலமே உடைந்து போயிருந்தது என்று சொல்லிவிட்டார்கள். 40-க்கு மேற்பட்ட சிற்றரசுகள் இருந்த வட்டாரத்தில், விடிந்தபோது நாலே நாலு மிஞ்சியிருந்தன. அந்த உலகத்தில் காலத்தின் தெய்வம் ஒரு டிராகன், அதனால் இதற்கு டிராகன் பிரேக் என்று பெயர்.

அதற்கு ரொம்ப முன்னால், முதல் யுகத்தில், இன்னும் பெரிய உடைப்பு ஒன்று உண்டு. ஒரு மதக்கூட்டம் தெய்வத்தையே திருத்தி அமைக்கப் பார்த்து, 1008 வருசம் காலம் குலைந்து கிடந்ததாம். எனக்கு அதில் ரொம்பப் பிடித்த விஷயம், அந்த உலகத்திலேயே ஒரு அறிஞர் "அப்படி ஒன்று நடக்கவே இல்லை, பழைய எழுத்தர் ஒருவர் தேதியைத் தப்பாகக் கணித்ததால் வந்த கதை" என்று வாதாடுவார். அதைப் படித்த பிறகுதான் அந்த 1008 வருசத்தை நான் நம்ப ஆரம்பித்தேன். உங்கள் நாட்டிலும் அப்படி மறுக்கிற ஆள் ஒருவன் வேண்டும்.

---

செங்கோட்டை வாசகி

தொடரை முதலில் இருந்து படிக்கிறவள் என்கிற உரிமையில் கேட்கிறேன். மூன்று பேரும் ஜெயித்தார்கள் என்றால் நான் யாருக்காக அழ வேண்டும்? செத்தவரும் ஜெயித்திருக்கிறார், கொன்றவரும் செத்திருக்கிறார். எல்லாருக்கும் எல்லாம் கிடைத்துவிடுகிறது. பயம் வராததற்குக் காரணம் அதுதான் என்று எனக்குப் படுகிறது. மூன்று விதத்திலும் தோற்றுப்போன ஒரு ஆளைக் காட்டுங்கள் பார்ப்போம்.

---

அடங்கல் அக்கா, சேரன்மகாதேவி பக்கம்

தம்பி, செங்கோட்டைத் தங்கச்சி கேட்ட ஆள் உங்க நாட்டுல இருக்கான். நீங்க அரண்மனையிலயே நிக்கதால அவன் கண்ணுல படலை. ஆத்தோட கீழ இறங்கி வாங்க, காட்டுதேன்.

நான் கிராம நிர்வாக அலுவலரா இருந்து ஓய்வு பெத்தவ. கால்வாய் ஆரம்பிக்கிற தலைமடை ஊர்லயும் வேலை பார்த்திருக்கேன், அது முடியுற கடைமடையிலயும் பார்த்திருக்கேன். உங்க கதையில அருமையான ஏற்பாடு ஒண்ணு இருக்கு, அதை நீங்க இன்னும் தொடவே இல்லை. காலம் கால்வாய்ல பாயுதுன்னா தலைமடைக்கும் கடைமடைக்கும் ஒரே அளவா கிடைச்சிருக்கும்? அணை நல்லா இருந்தப்பவே கிடைச்சிருக்காதுல்லா? மேல மடையைக் கூடக் கொஞ்ச நேரம் திறந்து வச்சுக்கிட்ட ஊர்ல ஒருத்தன் பேரன் பேத்தி எடுத்திருப்பான். கடைமடையில வாக்கப்பட்ட அவன் அக்காவுக்கு முதல் பிள்ளையே இன்னும் தவழ்ந்துக்கிட்டு இருக்கும். முறைக்குத் தண்ணி வரலைன்னு மண்வெட்டியோட ராத்திரி காவல் இருக்கிறது எல்லாம் உங்க நாட்டுல ஆயுசுக்கான சண்டை. அது உடைப்புக்கு முன்னாலயே வரணும், குறைஞ்சது ரெண்டு அத்தியாயம்.

அப்புறம் உடைப்பு. எப்பவும் தண்ணி எட்டாத கடைமடைக்கு அன்னைக்குத்தான் தண்ணி வரும், அளவில்லாம. 2023 டிசம்பர் 17, 18 உங்களுக்கு ஞாபகம் இருக்கும். காயல்பட்டினத்துல 24 மணி நேரத்துல 95 செண்டிமீட்டர் மழை. ஸ்ரீவைகுண்டம், ஏரல் பக்கமெல்லாம் முங்கிப் போச்சு. மத்த வருசம் பயிர் காயுதுன்னு மனு எழுதுற ஊரு அது. உங்க ஐந்தாம் அணைக்குக் கீழேயும் அப்படித்தான் நடக்கணும். சொட்டுச் சொட்டா காலம் கிடைச்சவங்க வீட்டுக்குள்ள மொத்தமா புகுந்தா என்ன ஆகும்? தொட்டில்ல கிடந்த பிள்ளை தாடியோட எந்திரிச்சு உக்காரும். அதுக்குப் பேச்சு வராது, ஏன்னா யாரும் சொல்லிக் குடுக்கலை. பயம் இங்கனதான் இருக்கு தம்பி.

இப்ப அந்த ஆளுக்கு வாரேன். அடங்கல்னா என்னன்னு தெரியாதவங்களுக்கு: எந்தப் புலத்துல, எந்தப் போகத்துல, என்ன பயிர், எவ்வளவு பரப்புன்னு வருசா வருசம் எழுதுற கிராமக் கணக்கு. வயலைப் போய்ப் பார்த்துத்தான் எழுதணும். நம்ம பக்கம் ரெண்டு போகம், கார், பிசானம். கார் ஆனியில நட்டு புரட்டாசிக்குள்ள அறுப்பு, பிசானம் ஐப்பசி வாக்குல ஆரம்பிச்சு மாசியை ஒட்டி அறுப்பு, கொஞ்சம் முன்னப் பின்ன இருக்கும்.

உங்க நாட்டுல அந்தக் கணக்கை எழுதுறவன் உடைப்புக்கு மறுநாள் வரப்புல நடந்து போறான்னு வைங்க. 114/2-ம் நம்பர் புலத்துல கார் நெல்லு முத்தித் தலை சாஞ்சு நிக்குது. ஒத்தை வரப்பு தாண்டி 114/3-ல பிசானத்துக்கு நாத்துப் பாவியிருக்கு, இப்பத்தான் பச்சை தெரியுது. எழுதிட்டுத் திரும்பிப் பார்க்கான். 114/2-ல அறுத்த தாள்தான் இருக்கு, தாளுக்கு நடுவுல கோரை முளைச்சுக் காஞ்சும் போச்சு. அவன் கையில இருக்கிறது ஒரு பக்கம். ஒரு புலத்துக்கு ஒரு வரிதான். அவன் என்ன எழுதுவான்?

அவன் எழுதுறதை வச்சுத்தான் தீர்வை, அதான் நிலவரி. மூணு பேரும் ஜெயிச்சாங்கன்னு சொன்னீங்கள்லா, அப்ப மூணு பேரோட ஆளும் களத்துக்கு வருவான். மூணு பேருகிட்டயும் முத்திரை போட்ட ஓலை இருக்கும், மூணும் செல்லும். ஆனா நெல்லு ஒரு தடவைதான் விளைஞ்சிருக்கு. மூத்தவ ஆளு அளந்துட்டுப் போவான். மறுநாள் இளையவன் ஆளு வந்து, "எங்க ராஜா காலத்துல நீ இன்னும் அளக்கலையே"ம்பான். அவன் சொல்லுததும் நிஜம். 114/2 காரன்தான் தங்கச்சி, மூணு விதத்துலயும் தோத்தவன். ராஜாக்களுக்கு உடைப்பு மூணு மடங்கு குடுத்துச்சு. இவங்கிட்ட மூணு மடங்கு வாங்குச்சு.

எத்தனை நாள் நீடிச்சுதுங்கிறதுக்கு ஒரு வழி இருக்கு. வானம் உங்க ஆத்துப் பாசனத்துல இல்லையே! நிலாவுக்கு எந்த மடையும் திறக்க வேண்டாம். மலை மேல ஆடு மேய்க்கிறவன் ஒருத்தன் அமாவாசையை எண்ணியிருக்கட்டும். நம்ம பாண்டியங்க காலத்தைக் கண்டுபிடிச்சதே ஏறக்குறைய இப்படித்தான். ஒரே காலத்துல பல பாண்டியங்க ஆண்டிருக்காங்க. பெயரும் ஒண்ணு போலவே இருக்கும்: சடையவர்மன், மாறவர்மன், சுந்தர பாண்டியன், வீர பாண்டியன், திரும்பத் திரும்ப அதே. மார்க்கோ போலோவே ஐந்து சகோதரங்க ஆளுதாங்கன்னு எழுதி வச்சான். எந்தச் சுந்தர பாண்டியன் எந்த வருசம்னு பிரிக்க, கல்வெட்டுல வார கிழமை, நட்சத்திரம், திதி மூணும் எந்தத் தேதியில ஒண்ணு சேருதுன்னு எல்.டி. சுவாமிக்கண்ணு பிள்ளை உக்காந்து கணக்குப் போட்டார். மூணு பேர் மூணு வருசம் சொன்னாலும் நிலா நின்ன இடம் ஒண்ணுதான். உங்க மறுக்கிற அறிஞர், பாளைத் தம்பி கேட்டாரே, அவரும் இந்த ஆட்டுக்காரனைத்தான் பொய்யன்னு சொல்லணும்.

வருசத்தை எதிலேர்ந்து எண்ணுவாங்கன்னு கேட்டீங்க. ஒரே எண்ணிக்கைக்கு வந்துருவாங்கன்னு நினைக்காதீங்க. நான் வேலை பார்த்த மேசையில எத்தனை வருசம் இருந்துச்சுன்னு பாருங்க. வருவாய்க் கணக்குக்குப் பசலி, ஜூலை 1-ல பிறக்கும். 2024 ஜூலையில பிறந்தது 1434. பழைய ஓலைப் பத்திரத்தை எடுத்தா கொல்லம் ஆண்டு, நம்ம பக்கம் ஆவணியில பிறக்கும். 2024 ஆவணியில பிறந்தது 1200. கல்யாணப் பத்திரிகையில விசுவாவசு வருடம், அது 1965-லயும் பிறந்துச்சு, 2025-லயும் பிறந்துச்சு. சம்பளச் சீட்டுல இங்கிலீஷ் வருசம். நாலும் சேர்ந்தேதான் ஓடுச்சு, யாரும் குழம்பலை. உங்க ஜனங்களும் கோயிலுக்கு மூத்தவ வருசம், சந்தைக்கு இளையவன் வருசம்னு பழகிக்கிடுவாங்க. குழம்புறது வெளியூர்லேர்ந்து வாரவன் மட்டுந்தான்.

கல்லுல வெட்டுறதுக்கு நம்ம பாண்டியங்க முறையையே எடுத்துக்கிடுங்க. அம்பாசமுத்திரம் கல்வெட்டுல வரகுண பாண்டியனோட ஆண்டு நான்காவதின் எதிர் பன்னிரண்டுன்னு இருக்கும். ரெண்டையும் கூட்டி 16-ன்னு வாசிக்கணும். உடைப்புக்கு முன்னால இத்தனை, அதுக்கு எதிரா இத்தனைன்னு உங்க நாட்டுக் கல்லு சொல்லலாம். நடுவுல கிடக்கிறதை யாரும் எண்ண வேண்டியதில்லை.

அதே கல்வெட்டுல இன்னொரு விஷயமும் இருக்கு. கோயிலுக்கு ராஜா 290 காசு முதல் வச்சான். முதல் அப்படியே நிக்கணும், சபையார் காசுக்கு ரெண்டு கலமா வருசத்துக்கு 580 கலம் நெல் பலிசை, அதாவது வட்டி, அளக்கணும். நிலாவும் சூரியனும் இருக்கிற வரைக்கும்னு எழுதிக் குடுத்த ஒப்பந்தம் இந்த மாதிரி எத்தனையோ உண்டு. உங்க உடைப்புக்குள்ள போன வருசத்துக்கு அந்த வட்டி உண்டா கிடையாதா? நாள்தோறும் விளக்குக்கு நெய் அளக்க ஆடு வாங்குனவன், அந்த நடுநாளைக்கு எல்லாம் நெய் பாக்கி வச்சிருக்கானா? எனக்கு உங்க போர்க்களத்தை விட இந்த வழக்கைப் படிக்கத்தான் ஆசை.

கடைசியா சட்டம். ரெண்டு பேர் ஒரே விபத்துல செத்து, யார் முதல்ல செத்தாங்கன்னு தெரியலைன்னா சொத்து எந்தப் பக்கம் போகும்? 1956 இந்து வாரிசுரிமைச் சட்டத்துல 21-வது பிரிவு இதுக்குன்னே இருக்கு. வேற விதமா நிரூபிக்கிற வரைக்கும், இளையவர்தான் பிந்திச் செத்தார்னு வச்சுக்கிடணும். நடந்த வரிசை தெரியாத இடத்துல மனுசன் ஒரு வரிசையைத் தீர்மானிச்சு வச்சிருக்கான். உங்க நாட்டுல ஒருத்தரை ஒருத்தர் கொன்ன மூணு வாரிசுக்கும் இந்த மாதிரி ஒரு விதி போடுங்க. அதைப் போடுற உரிமை யாருக்குங்கிறதுலதான் அடுத்த சண்டை பிறக்கும்.

---

பொருநைக்கரையான்

அக்கா, ரெண்டு தடவை படித்துவிட்டேன். தலைமடை கடைமடை விஷயம் என் கண் முன்னாலேயே இருந்திருக்கிறது. கன்னடியன் கால்வாய்த் தண்ணீரில் விளைந்த சோறு தின்று வளர்ந்தவன், அதை எழுதியே ஆக வேண்டும்.

இன்று காலையில் அந்தக் கணக்கு எழுதுகிறவனை வைத்து ஒரு துண்டு எழுதினேன்:

"புலம் 114/2. பயிர்: நெல். நிலை: கதிர். அடித்து, அறுவடை. அடித்து, தரிசு. அவன் எழுத்தாணியை எடுத்துவிட்டான். ஓலையில் மேற்கொண்டு இடமில்லை. களத்தில் நெல் கிடக்கிறதா என்று பார்க்கப் போனான். கிடந்தது. குவியலின் மேல் மூன்று சாணி முத்திரை இருந்தன, மூன்றும் ஈரம்."

இதில் எனக்கு ஒரு சந்தேகம். அவன் வயலுக்கு வெளியே நிற்கிறவன், அரசாங்கத்து ஆள். அவனுக்கும் உடைப்பு நடக்குமா? அவனும் மூன்று பேருக்கு வேலை பார்த்திருப்பானா? அப்படியென்றால் அவனிடமே மூன்று அடங்கல் இருக்க வேண்டுமே.

---

செங்கோட்டை வாசகி

ஈர முத்திரை நன்றாக இருக்கிறது. இந்த விவசாயிக்குப் பெயர் வையுங்கள். பெண்டாட்டி, பிள்ளை, கடன் எல்லாம் வேண்டும். என் கேள்விக்குப் பதில் கிடைத்துவிட்டது. ஆனால் அந்த ஆளை ஒரு காட்சியோடு விட்டுவிட்டு மறுபடி அரண்மனைக்குப் போனீர்கள் என்றால் நான் படிப்பதை நிறுத்திவிடுவேன், நிஜமாகவே சொல்கிறேன்.

தொட்டில் பிள்ளை தாடியோடு எழுந்திருப்பது இந்தத் திரியிலேயே எனக்குத் தூக்கம் கெடுத்த வரி. அது இந்த விவசாயியின் பிள்ளையாக இருக்கட்டும்.

---

அடங்கல் அக்கா

ஆமா தம்பி, அவங்கிட்டயே மூணு அடங்கல் இருக்கும். மூணும் அவன் கையெழுத்துத்தான், மூணும் மனசறிஞ்சு எழுதினது. ஒண்ணுல 114/2-க்கு முழுத் தீர்வை போட்டிருப்பான். இன்னொண்ணுல வெள்ளச் சேதம்னு தள்ளுபடிக்கு எழுதியிருப்பான். மூணாவதுல அந்தப் புலமே வேற ஒருத்தன் பேருல இருக்கும், ஏன்னா அந்த ராஜா காலத்துல இவன் போருக்குப் போய்ச் செத்துட்டான். செத்த ஆளு களத்துல நின்னு நெல்லு தூத்திக்கிட்டு இருக்கான். அவன் பேரை எழுத அடங்கல்ல இடம் இல்லை. அவன் பிள்ளைக்கு வாரிசுச் சான்று குடுக்கணும்னா அப்பன் செத்திருக்கணும், அப்பன்தான் பிள்ளையைக் கையில பிடிச்சுக் கூட்டிட்டு வந்திருக்கான்.

எங்களுக்கு வருசத்துக்கு ஒரு தடவை ஜமாபந்தின்னு ஒண்ணு உண்டு. பசலி முடியும்போது கிராமக் கணக்கு எல்லாத்தையும் கட்டித் தூக்கிட்டுத் தாலுகா ஆபீசுக்குப் போகணும். மேலதிகாரி வரி வரியாப் பார்ப்பார், ஜனங்க மனு குடுப்பாங்க. உங்க நாட்டு ஜமாபந்தியில இவன் எந்த அடங்கலைத் தூக்கிட்டுப் போவாங்கிறதுதான் எனக்குத் தெரியணும். மூணையும் தூக்கிட்டுப் போனா மூணு ராஜாவுக்கும் துரோகி. ஒண்ணை மட்டும் கொண்டு போனா, மத்த ரெண்டையும் என்ன செஞ்சான்? அந்தக் களத்துக்காரன் வெளியில பிள்ளையோட உக்காந்து காத்துக்கிட்டு இருப்பான். அதை நல்லா நிதானமா எழுதுங்க, எழுதினதும் இங்கன போடுங்க.